மறுமதிப்பீட்டுக்கும் ஒரு கடைசித் தேதி வேண்டும்



இது கொஞ்சம் நீளமான பதிவு. வீட்டில் கல்லூரிப் பிள்ளை இருக்கிறவர்கள் பொறுமையாகக் கடைசி வரை படியுங்கள்.

மறுமதிப்பீட்டு முடிவு வரவில்லை என்று மாணவர்கள் நீதிமன்றத்துக்குப் போனால் உடனே ஒரு பேச்சு கிளம்பிவிடுகிறது. "நாங்கள் படித்தபோது இப்படியா? ஃபெயில் என்றால் திரும்ப எழுதினோம். இந்தக் காலத்துப் பிள்ளைகள் எதற்கெடுத்தாலும் கோர்ட்டு, கேஸு." இதைச் சொல்பவர்களில் என்னோடு வேலை பார்த்த ஆசிரியர்களும் உண்டு. அவர்களிடம் எனக்கு மரியாதை உண்டு. ஆனால் இந்த விஷயத்தில் நான் மாணவர் பக்கம். காரணத்தைச் சொல்கிறேன்.

முதலில் காலண்டரை எடுத்து வைத்துக்கொள்வோம்.

ஏப்ரல், மே மாதங்களில் செமஸ்டர் தேர்வு. ஜூன் கடைசியில் முடிவு. ஒரு பாடத்தில் போய்விடுகிறது. பையன் நன்றாக எழுதியதாக நம்புகிறான். விடைத்தாள் நகலுக்குப் பணம் கட்டுகிறான். நகல் வருகிறது. பாட ஆசிரியரிடம் காட்டுகிறான். அவர் பார்த்துவிட்டு, "பத்து மார்க் கூடுதலாக வரும், மறுமதிப்பீட்டுக்குப் போடு" என்கிறார். மறுபடி பணம் கட்டுகிறான். இதற்குள் ஜூலை முடிந்துவிடுகிறது. இதுவரை நடந்த ஒவ்வொன்றுக்கும் கடைசித் தேதி இருந்ததைக் கவனியுங்கள். நகல் கேட்கக் கடைசித் தேதி, மறுமதிப்பீட்டுக்கு விண்ணப்பிக்கக் கடைசித் தேதி, பணம் கட்டக் கடைசித் தேதி. ஒரு நாள் பிந்தினாலும் இணையதளம் மூடிக்கொள்ளும். எல்லாத் தேதிகளும் மாணவனுக்குத்தான்.

விண்ணப்பம் பல்கலைக்கழகத்தின் கைக்குப் போன பிறகு தேதி என்ற சொல்லே மறைந்துவிடுகிறது. "முடிவு விரைவில் வெளியிடப்படும்." அந்த விரைவு ஆகஸ்டாகவும் இருக்கலாம், அக்டோபராகவும் இருக்கலாம்.

இதற்கு நடுவே அடுத்த செமஸ்டருக்கான அரியர் கட்டணம் கட்டக் கடைசித் தேதி வந்துவிடும். கட்டாமல் விட்டு, மறுமதிப்பீட்டில் தேறவில்லை என்றால் ஆறு மாதம் போச்சு. ஆகவே கட்டுகிறான். ஒரே பாடத்துக்கு மூன்று தடவை பணம். பாஸா ஃபெயிலா என்று தெரியாமலே மறுபடி படிக்கிறான், மறுபடி எழுதுகிறான். எழுதி முடித்த பிறகு முடிவு வருகிறது: முதல் தேர்விலேயே பாஸ். கட்டிய அரியர் கட்டணம் திரும்பி வருமா? வந்ததாக என்னிடம் இதுவரை ஒரு மாணவரும் சொன்னதில்லை.

இது இரண்டாம் ஆண்டு மாணவன் கதை. இறுதியாண்டு என்றால் நிலைமை வேறு. மேற்படிப்புச் சேர்க்கைக்கு ஒரு நாள் இருக்கிறது. வேலைக்கு எடுத்த கம்பெனி, சான்றிதழ் கொண்டுவர ஒரு நாள் சொல்லியிருக்கிறது. அவை யாருக்காகவும் நிற்பதில்லை.

எனக்குத் தெரிந்த ஒரு பெண். கணிதப் பட்டப்படிப்பு. கிராமத்திலிருந்து இரண்டு பஸ் மாறி வந்து படித்தவள். இறுதி செமஸ்டரில் ஒரே ஒரு பாடம் போனது. பி.எட். சேர வேண்டும் என்பது அவள் ஆசை. மறுமதிப்பீட்டுக்குப் போட்டாள். சேர்க்கை முடிந்து வகுப்புகளும் தொடங்கிய பிறகு முடிவு வந்தது. ஃபோன் செய்தாள். "சார், பாஸ் ஆயிட்டேன். ஆனா இனிமே அடுத்த வருஷம்தான் சார்" என்றாள். அழவில்லை. அந்த ஒரு வருஷம் வீட்டில் என்ன பேச்சு நடக்கும் என்று நம் ஊர்ப் பெண்களைப் பெற்றவர்களுக்குத் தெரியும். பத்து மார்க்கைத் திருப்பிக் கொடுத்த பல்கலைக்கழகத்தால் அந்த வருஷத்தைத் திருப்பிக் கொடுக்க முடியவில்லை.

ஏதோ ஒரு மூலையில், ஒரு மாணவிக்கு நடந்தது என்று இதைத் தள்ளிவிட முடியாது. மும்பையில் நடந்ததைப் பாருங்கள்.

நம் சென்னைப் பல்கலைக்கழகம் பிறந்த அதே 1857இல் பிறந்தது மும்பைப் பல்கலைக்கழகம். 2017ஆம் ஆண்டு, விடைத்தாள்களை ஸ்கேன் செய்து, கணினித் திரையில் திருத்தும் முறையை ஒரே பாய்ச்சலில் எல்லாப் படிப்புகளுக்கும் கொண்டுவந்தார்கள். திட்டம் நல்ல திட்டம்தான். ஆனால் ஆசிரியர்களுக்குப் போதிய பயிற்சி இல்லை, ஸ்கேன் செய்யும் வேலை முடியவில்லை, தாள்கள் இடம் மாறின. ஜூலை 31க்குள் முடித்தாக வேண்டும் என்று வேந்தரான ஆளுநரே கெடு வைத்தார். கெடு தாண்டியது. கல்லூரிகளில் பாடம் நடத்துவதை நிறுத்தி ஆசிரியர்களைத் திருத்த அனுப்பினார்கள். அப்படியும் கடைசி முடிவுகள் வெளிவரச் செப்டம்பர் ஆயிற்று. சில தாள்கள் கிடைக்கவே இல்லை. அந்த மாணவர்களுக்குச் சராசரி மதிப்பெண் போட்டார்கள். வெளிநாட்டுப் பல்கலைக்கழகங்களில் இடம் கிடைத்தவர்கள் சான்றிதழ் இல்லாமல் தவித்தார்கள். சட்டம் படித்த மாணவர்கள் மும்பை உயர் நீதிமன்றத்தின் கதவைத் தட்டினார்கள். அக்டோபரில் துணைவேந்தர் பதவியிலிருந்து நீக்கப்பட்டார்.

தேர்வு முடிவே செப்டம்பர் என்றால், அதன் பிறகு விண்ணப்பித்து வரும் மறுமதிப்பீட்டைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். அது அடுத்த தேர்வின் தலைமேல் போய் விழுந்தது.

இதில் இன்னொன்று உண்டு. மகாராஷ்டிரத்தில் சட்டம் இல்லாமல் இல்லை. அந்த மாநிலத்தின் 2016ஆம் ஆண்டுப் பொதுப் பல்கலைக்கழகச் சட்டத்தின் 89ஆம் பிரிவு, தேர்வு முடிந்த 30 நாளில் முடிவை வெளியிட முயல வேண்டும், எப்படியும் 45 நாளைத் தாண்டக் கூடாது என்கிறது. தாண்டினால் துணைவேந்தர் காரணத்தை விளக்கி வேந்தருக்கும் அரசுக்கும் அறிக்கை தர வேண்டும். சட்டம் வந்த மறு வருஷமே இந்தக் குளறுபடி. கெடு எழுதி வைத்தால் மட்டும் போதாது, அது தாண்டப்பட்டால் மாணவனுக்கு என்ன கிடைக்கும் என்பதையும் எழுத வேண்டும் என்பதை நான் அதிலிருந்துதான் கற்றுக்கொண்டேன். அறிக்கை வேந்தருக்குப் போகும். மாணவன் கையில் என்ன இருக்கிறது?

சரி, கோர்ட்டுக்கு வருவோம்.

"மதிப்பெண் விஷயத்தில் நீதிமன்றம் தலையிடாது என்று உச்ச நீதிமன்றமே சொல்லிவிட்டதே" என்று படித்தவர்களே சொல்கிறார்கள். பாதி உண்மை. 1984இல் மகாராஷ்டிர மாநிலக் கல்வி வாரிய வழக்கில், விதியில் இடமில்லாதபோது மறுமதிப்பீட்டை உரிமையாகக் கேட்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 2017இல் உத்தரப் பிரதேச ஆசிரியர் தேர்வு வழக்கிலும், நீதிபதிகள் தாங்களே விடைத்தாளைத் திருத்த உட்காரக் கூடாது, ஐயத்துக்கு இடமில்லாத பிழை தெரிந்தாலன்றித் தலையிடக் கூடாது என்றது. இரண்டும் நியாயமான தீர்ப்புகள் என்றே நினைக்கிறேன். இயற்பியல் விடைக்கு எத்தனை மார்க் என்று நீதிபதி எப்படிச் சொல்வார்?

ஆனால் தாமதத்தை எதிர்த்துப் போகும் மாணவன் மார்க் கேட்கவில்லை. "என் தாளைத் திருத்துவதாகச் சொல்லிப் பணம் வாங்கினீர்கள். உங்கள் விதியே மறுமதிப்பீடு உண்டு என்கிறது. அதைச் செய்து முடியுங்கள்" என்கிறான். ஒரு பொது நிறுவனம் செய்ய வேண்டிய கடமையைச் செய்யாமல் இருந்தால், செய் என்று உத்தரவிட அரசியல் சட்டத்தின் 226ஆம் பிரிவு உயர் நீதிமன்றத்துக்கு அதிகாரம் தருகிறது. பட்டா மாறுதல் மனுவை வருஷக்கணக்கில் கிடப்பில் போட்ட தாசில்தார் மீது விவசாயி போடுகிற வழக்கைப் போன்றதுதான் இதுவும். யாரும் அந்த விவசாயியைப் பார்த்து, "எதற்கெடுத்தாலும் கோர்ட்டா" என்று கேட்பதில்லை.

1984 தீர்ப்பின் அடிப்படைக் கவலை என்ன தெரியுமா? தேர்வு முடிவுகளுக்கு ஓர் உறுதி வேண்டும். ஆளுக்காள் மறுமதிப்பீடு கேட்டால் ரேங்க், சேர்க்கை எல்லாம் நிச்சயமற்றுப் போகும் என்பது. எந்த நிச்சயமின்மைக்கு நீதிமன்றம் அன்று பயந்ததோ, அதையே இன்று பல்கலைக்கழகங்கள் தாமதத்தால் உண்டாக்குகின்றன. ஆகவே அந்தத் தீர்ப்பைக் காட்டித் தாமதத்தை நியாயப்படுத்துவது சரியில்லை.

அடுத்த கேள்வி: "எடுத்த எடுப்பிலேயே உயர் நீதிமன்றமா? நுகர்வோர் நீதிமன்றத்துக்குப் போகலாமே? வக்கீல்கூட வேண்டாமே?"

அந்தக் கதவு அடைத்தாயிற்று. பீகார் பள்ளித் தேர்வு வாரியம் ஒரே பதிவெண்ணை இரண்டு பேருக்குக் கொடுத்துவிட்டது. ஒரு பையனின் முடிவு வெளிவரவில்லை. மறு வருஷம் திரும்ப எழுத வேண்டியதாயிற்று. நுகர்வோர் மன்றம் இழப்பீடு கொடுக்கச் சொன்னது. 2009இல் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. தேர்வு நடத்துவது சட்டபூர்வமான கடமை, சேவை அல்ல. தேர்வு எழுதுபவர் நுகர்வோரும் அல்ல என்றது. பணம் வாங்குகிறார்கள், ரசீது தருகிறார்கள், ஆனாலும் நாம் நுகர்வோர் இல்லை. சட்டம் அப்படி இருக்கும்போது மாணவனுக்கு மிஞ்சுவது உயர் நீதிமன்றம்தான். தென்காசிப் பையன் மதுரைக்குப் போக வேண்டும், திருவண்ணாமலைப் பெண் சென்னைக்கு வர வேண்டும். ஆசைப்பட்டா போகிறார்கள்?

இப்போது ஆசிரியர் பக்கத்தையும் சொல்லிவிடுகிறேன். தாமதத்துக்கெல்லாம் பேப்பர் திருத்துகிறவர்தான் காரணம் என்று பெற்றோர் நினைக்கிறார்கள். முகாம்களில் பல வருஷம் உட்கார்ந்தவன் என்ற முறையில் சொல்கிறேன், அது சரியில்லை.

வழக்கமான முகாமில் ஒரு வேளைக்கு 25 தாள், ஒரு நாளைக்கு 50 தாள் திருத்துவோம். மறுமதிப்பீட்டுக்கு 10,000 தாள்கள் வந்திருக்கின்றன என்று வைத்துக்கொள்வோம். 40 பேர் உட்கார்ந்தால் ஐந்து நாள் வேலை. முதல் மதிப்பெண்ணுக்கும் இரண்டாம் மதிப்பெண்ணுக்கும் அதிக வித்தியாசம் வந்தால் மூன்றாமவர் பார்க்க வேண்டும். அதற்கு இன்னும் இரண்டு நாள். ஆக, திருத்தும் வேலை ஒரு வாரம். மீதி இரண்டு மாதம் எங்கே போகிறது?

கட்டுக்கட்டாக அடுக்கிய தாள்களிலிருந்து விண்ணப்பித்தவரின் தாளை மட்டும் தேடி எடுப்பதில் போகிறது. டம்மி நம்பரைப் பதிவெண்ணோடு ஒப்பிடுவதில் போகிறது. கல்லூரி திறந்துவிட்டதால் முதல்வர் ஆசிரியரை விடுவிக்க மறுப்பதில் போகிறது. போன முகாமின் உழைப்பூதியமும் பயணப்படியும் வரவில்லை என்று அடுத்த முகாமுக்கு ஆள் வராததில் போகிறது. நிரந்தர ஆசிரியர் இடங்கள் காலியாகக் கிடக்க, கௌரவ விரிவுரையாளர்களை வைத்தே ஒப்பேற்றுவதில் போகிறது. நான்கைந்து கல்லூரிகளில் மட்டும் இருக்கும் பாடம் என்றால் திருத்த ஆளே கிடைப்பதில்லை. எல்லாவற்றுக்கும் மேலாக, தேர்வுத் துறையில் மறுமதிப்பீடு எப்போதும் கடைசி வரிசை. அடுத்த தேர்வின் ஹால் டிக்கெட் அவசரம், பட்டமளிப்பு விழா அவசரம். மறுமதிப்பீட்டுக்கு மட்டும் அவசரம் இல்லை. ஏனென்றால் அது பிந்தினால் பல்கலைக்கழகத்துக்கு ஒரு நஷ்டமும் இல்லை.

இந்தக் காரணங்கள் எல்லாம் உண்மை. ஆனால் இவற்றில் ஒன்றையாவது மாணவனால் சரிசெய்ய முடியுமா? சரிசெய்ய முடியாதவன் ஏன் அதற்கான விலையைக் கொடுக்க வேண்டும்?

"சும்மா நூல் விட்டுப் பார்க்கிறார்கள் சார். கிடைத்தால் மார்க், போனால் பணம்" என்பது இன்னொரு வாதம். சிலர் அப்படித்தான். நான் மறுக்கவில்லை. ஆனால் அப்படிப்பட்டவரை வடிகட்டத்தான் கட்டணமும், நகலைப் பாட ஆசிரியர் பார்த்துப் பரிந்துரைக்கும் ஏற்பாடும் இருக்கின்றன. அவற்றையும் தாண்டி வந்தவனைக் காக்க வைப்பது, நூல் விடுபவனையும் நியாயமாகக் கேட்பவனையும் ஒன்றாகவே தண்டிக்கிறது.

இங்கே ஓர் எச்சரிக்கையும் சொல்ல வேண்டும். வேகமாக முடித்தால் மட்டும் போதும் என்று நான் சொல்லவில்லை. மும்பை தடுமாறிக்கொண்டிருந்த அதே 2017இல், நம் அண்ணா பல்கலைக்கழகத்தில் ஏப்ரல், மே தேர்வுகளுக்கு மூன்று லட்சத்துக்கும் மேற்பட்ட மறுமதிப்பீட்டு விண்ணப்பங்கள் வந்தன. எழுபதாயிரத்துக்கும் அதிகமானோர் தேறினார்கள். பணம் வாங்கிக்கொண்டு மதிப்பெண் போட்டதாகப் புகார் எழுந்து, 2018 ஆகஸ்டில் லஞ்ச ஒழிப்புத் துறை வழக்குப் பதிவு செய்தது. குற்றச்சாட்டின் மெய்ப்பொய் ஒருபக்கம் இருக்கட்டும். நேர்மையாக விண்ணப்பித்து நேர்மையாகத் தேறியவனையும் ஊர் அன்று சந்தேகத்தோடு பார்த்தது. "எவ்வளவு கொடுத்தே?" என்று நண்பர்களே கேட்டதாக மாணவர்கள் வருந்தியதை என் காதால் கேட்டிருக்கிறேன்.

எண்ணிக்கையையும் பாருங்கள். விண்ணப்பங்களில் இத்தனை பங்கு தேறுகிறதென்றால் இரண்டில் ஒன்று: மறுமதிப்பீட்டில் கோளாறு, அல்லது முதல் மதிப்பீட்டில் கோளாறு. எதுவானாலும் பொறுப்பு பல்கலைக்கழகத்துடையது. கதவைச் சாத்திக்கொண்டு நடக்கும் மறுமதிப்பீட்டில் தாமதமும் நடக்கலாம், வியாபாரமும் நடக்கலாம். வெளியில் இருப்பவருக்கு இரண்டும் ஒரே மாதிரிதான் தெரியும்.

அப்படியானால் என்ன செய்ய வேண்டும்? என் சிற்றறிவுக்கு எட்டியவரை:

ஒன்று. மறுமதிப்பீட்டு விண்ணப்பம் வாங்கும் அறிவிப்பிலேயே முடிவு வரும் தேதியையும் அச்சிட வேண்டும். கடைசி நாளிலிருந்து 30 நாள் போதும். அந்தத் தேதி அடுத்த அரியர் தேர்வுக் கட்டணத்தின் கடைசித் தேதிக்கு முன்பாக இருக்க வேண்டும். இதைச் செய்ய ஒரு ரூபாய் செலவில்லை. காலண்டரைப் பார்த்து அட்டவணை போட்டால் போதும்.

இரண்டு. அந்தத் தேதி தவறினால், மறுமதிப்பீட்டுக் கட்டணம் தானாகவே மாணவன் கணக்குக்குத் திரும்ப வேண்டும். தேறிவிட்டால் நடுவில் கட்டிய அரியர் கட்டணமும் திரும்ப வேண்டும். மனுக் கொடு, ரசீது கொண்டுவா என்று அலையவிடக் கூடாது. தாமதத்தால் தனக்கு நஷ்டம் என்று வந்தால்தான் அலுவலகம் அசையும்.

மூன்று. மறுமதிப்பீட்டில் இருக்கும் இறுதியாண்டு மாணவனை மேற்படிப்பில் நிபந்தனையோடு சேர்த்துக்கொள்ள வேண்டும். முடிவு பாதகமாக வந்தால் இடம் ரத்தாகட்டும். தவறு யாருடையது என்று தெரியும் முன்பே அவனை வெளியே நிறுத்தக் கூடாது.

நான்கு. இறுதியாண்டுத் தாள்களை முதலில் திருத்த வேண்டும். இதற்குப் புதுச் சட்டம் வேண்டாம், கண்ட்ரோலர் போடும் ஒரு சுற்றறிக்கை போதும்.

ஐந்து. ஒவ்வொரு பருவமும் எத்தனை விண்ணப்பம், எத்தனை பேருக்கு மாற்றம், எத்தனை நாளில் முடிந்தது என்று பாடவாரியாக வெளியிட வேண்டும். ஒரே பாடத்தில் அளவுக்கு மீறி மாற்றம் வந்தால் கேள்வித்தாளையும் விடைக்குறிப்பையும் திருப்பிப் பார்க்க வேண்டும்.

ஆறு. திருத்தும் ஆசிரியருக்கு முகாம் முடியும் நாளிலேயே ஊதியம் கொடுக்க வேண்டும். இதைக் கடைசியில் சொன்னாலும் முக்கியத்துவத்தில் இது கடைசி இல்லை.

"பல்கலைக்கழகத்தின் தன்னாட்சியில் கோர்ட் மூக்கை நுழைக்கலாமா" என்று கேட்பவர்களுக்கு: இந்த ஆறையும் பல்கலைக்கழகம் தானே செய்துகொள்ளட்டும். எந்த நீதிபதியும் வரமாட்டார்.

கடைசியாக, இப்போது காத்திருக்கும் பிள்ளைகளுக்குச் சில விஷயங்கள்.

விடைத்தாள் நகல் பெறுவது உங்கள் உரிமை. 2011இல் மத்திய இடைநிலைக் கல்வி வாரிய வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் உங்கள் தாளை நீங்கள் பார்க்கலாம், நகல் பெறலாம். திருத்தியவரின் பெயர் மட்டும் கிடைக்காது, கிடைக்கவும் கூடாது. விண்ணப்பக் கட்டணம் 10 ரூபாய், பக்கத்துக்கு 2 ரூபாய். 30 நாளில் பதில் தர வேண்டும். ஒன்றை மறக்காதீர்கள்: தாளைப் பாதுகாத்து வைக்கும் காலம் முடிந்துவிட்டால் இந்த உரிமையும் முடிந்துவிடும். அந்த வழக்கில் வாரியம் மூன்று மாதம்தான் வைத்திருந்தது. ஆகவே முடிவு வந்தவுடனே கேளுங்கள்.

தாமதம் என்றால் முதலில் எழுத்தில் கேளுங்கள். தேர்வுக் கட்டுப்பாட்டு அலுவலருக்குப் பதிவுத் தபாலில் ஒரு கடிதம். எப்போது விண்ணப்பித்தேன், எவ்வளவு கட்டினேன், எந்தத் தேதிக்குள் முடிவு வராவிட்டால் எனக்கு என்ன இழப்பு. ஒரு பக்கத்துக்கு மேல் வேண்டாம். சேர்க்கையின் கடைசித் தேதியைக் காட்டும் தாளை இணையுங்கள். ஃபோனில் பேசியதற்கு எங்கும் மதிப்பில்லை.

அடுத்து, பல்கலைக்கழக மானியக் குழுவின் 2023ஆம் ஆண்டு மாணவர் குறைதீர்ப்பு விதிமுறைகள். கல்விக் காலண்டரைத் தாண்டித் தேர்வு முடிவு தாமதமாவதை அவை ஒரு குறையாகவே ஏற்றுக்கொள்கின்றன. குறைதீர்ப்புக் குழு 15 வேலை நாளில் அறிக்கை தர வேண்டும். திருப்தி இல்லையென்றால் குறைதீர்ப்பாளரிடம் மேல்முறையீடு செய்யலாம். அவர் 30 நாளில் முடிக்க வேண்டும். மார்க்கைக் கூட்டித் தரும்படி அவரிடம் கேட்க முடியாது. தாமதத்தைப் பற்றி மட்டும் எழுதுங்கள்.

அதுவும் பலிக்கவில்லை, நாள் நெருங்குகிறது என்றால் உயர் நீதிமன்றம். பெண்கள், பட்டியல் சாதி, பழங்குடி மாணவர்கள், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கு வருமானம் பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. 1987ஆம் ஆண்டுச் சட்டம் சொல்கிறது. மற்றவர்களுக்கும் வருமான வரம்புக்குள் இருந்தால் கிடைக்கும். உயர் நீதிமன்றச் சட்டப் பணிகள் குழுவை அணுகுங்கள். முன்னர் எழுதிய கடிதமும் தபால் ரசீதும் அங்கே பயன்படும். சேர்க்கை முடிவதற்கு முன்பே போங்கள். முடிந்த பிறகு போனால் நீதிபதியாலும் பெரிதாக ஒன்றும் செய்ய முடியாது.

பெற்றோருக்கு ஒரு வேண்டுகோள். மறுமதிப்பீட்டுக்காகக் காத்திருக்கும் பிள்ளையைத் தினமும் "ரிசல்ட் வந்துச்சா, வந்துச்சா" என்று கேட்காதீர்கள். வந்தால் அவர்களே சொல்வார்கள். சொந்தக்காரர் கேட்டால் நீங்கள் முந்திக்கொண்டு பதில் சொல்லுங்கள்.

இன்றும் தேர்வுத் துறைகளில் என் பழைய மாணவர்கள் சிலர் வேலை பார்க்கிறார்கள். இந்தப் பதிவை அவர்களும் படிப்பார்கள். தம்பி, தங்கச்சிகளே, முதல் யோசனைக்கு யாருடைய அனுமதியும் பெரிதாக வேண்டியதில்லை. அடுத்த அறிவிப்பில் ஒரு வரி சேருங்கள்: "மறுமதிப்பீட்டு முடிவு வெளியாகும் நாள்." அதற்குப் பக்கத்தில் ஒரு தேதி போடுங்கள்.

உங்கள் வீட்டில், உங்கள் தெருவில் இப்படிக் காத்திருக்கும் பிள்ளைகள் இருந்தால் எத்தனை நாளாகக் காத்திருக்கிறார்கள் என்று கீழே எழுதுங்கள். கல்லூரி பெயர், பதிவெண் எதுவும் வேண்டாம், நாள் கணக்கு மட்டும் போதும். மாற்றுக் கருத்து இருப்பவர்களும் தாராளமாக எழுதலாம்.